இனாரியில் ஒரு நாள்: தனி வழிகாட்டியோடு வடகோடிக் காட்டுக்குள்

பின்லாந்தின் வடகோடிக்குப் போகிறவர்களில் பலர் பெரிய குழுவோடு ஒரு பேருந்தில் ஏறி, துருவமானுக்கு இருபது நிமிடம், ஹஸ்கி நாய்களுக்கு இருபது நிமிடம், சூப்புக்கு அரை மணி என்று ஓடிவிட்டுத் திரும்புகிறார்கள். கைபேசி நிறையப் படம் சேர்ந்துவிடும். என்ன பார்த்தீர்கள் என்று கேட்டால் பதில் வராது. ஒரு நாளுக்குத் தனி வழிகாட்டியை அமர்த்திக்கொள்வது இதற்கு மாற்று. செலவு கூடத்தான் செய்யும். நினைத்த இடத்தில் நினைத்த நேரம் நின்று பார்ப்பதற்குத்தான் அந்தக் கூடுதல் செலவு. இதை மறந்துவிட்டுத் தனிப் பயணத்திலும் ஏழு இடங்களைத் திணிக்கிறவர்கள், பேருந்துப் பயணத்தையே அதிக விலைக்கு வாங்குகிறார்கள்.

முதன்முறை போகிறவர்களுக்கு வேண்டியதை வரிசையாகச் சொல்கிறேன். ஊர், இனாரி. பரப்பளவில் பின்லாந்தின் மிகப் பெரிய நகராட்சி இதுதான். ஏறத்தாழ 17,000 சதுர கி.மீ. பரப்பில் சுமார் 7,000 பேர் வாழ்கிறார்கள். வடகோடியின் பழங்குடிகளான ஸாமி மக்களின் பண்பாட்டுக்கு பின்லாந்தில் இதுதான் மையம். பின்னிஷ், வட ஸாமி, இனாரி ஸாமி, ஸ்கோல்ட் ஸாமி என நான்கு மொழிகள் இங்கே அலுவல் மொழிகள். பின்லாந்தில் வேறெந்த நகராட்சியிலும் இப்படி நான்கு மொழிகள் இல்லை.

எங்கே தங்குவது

இங்கேதான் பெரும்பாலானோர் தடுக்கி விழுகிறார்கள். பின்லாந்தின் வடபகுதியான லாப்லாந்து என்றதும் அதன் தலைநகரான ரோவனியெமியில் அறை எடுத்துவிட்டு, அங்கிருந்து ஒரே நாளில் இனாரிக்குப் போய்வர நினைக்கிறார்கள். ரோவனியெமியிலிருந்து இனாரி 320 கி.மீ.க்கு மேல். போக நாலரை மணி, வர நாலரை மணி. குளிர்காலத்தில் வெளிச்சம் இருக்கிற நேரம் முழுவதும் கார் ஜன்னலோடு போய்விடும். ரோவனியெமி ஸாமி தாயகப் பகுதிக்குள் வரும் ஊரும் அல்ல. எனோன்தேகியோ, இனாரி, உத்ஸ்யோகி ஆகிய மூன்று நகராட்சிகளும் சொதான்குலாவின் வடபகுதியும்தான் சட்டப்படி ஸாமி தாயகம். கிறிஸ்துமஸ் தாத்தாவைப் பார்ப்பதுதான் நோக்கம் என்றால் ரோவனியெமியிலேயே இருந்துகொள்ளலாம், அதில் தவறில்லை. காடும் அதில் வாழும் மக்களின் வாழ்க்கையும் வேண்டுமென்றால் இன்னும் வடக்கே வாருங்கள்.

ஹெல்சிங்கியிலிருந்து இவலோவுக்கு விமானம் ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்றுக் கூட எடுக்கும். பின்லாந்தின் வடகோடி விமான நிலையம் அது. இவலோவிலிருந்து இனாரி கிராமம் வடக்கே 40 கி.மீ. ரயிலை விரும்புகிறவர்கள் இரவு ரயிலில் ரோவனியெமி வந்து, அங்கிருந்து பஸ் பிடிக்கலாம். இனாரி வரை தண்டவாளம் கிடையாது. இனாரி, இவலோ, இவலோவுக்குத் தெற்கே இருக்கும் சாரிசெல்கா, இந்த மூன்றில் எங்கே தங்கினாலும் வழிகாட்டி காலையில் வந்து அழைத்துப்போவார். என் ஓட்டு இனாரி கிராமத்துக்கு. அருங்காட்சியகம், ஏரி, ஆறு எல்லாம் நடந்துபோகும் தூரத்தில் இருப்பதால், அமர்த்திய நாளில் பயண நேரம் மிச்சமாகும்.

இந்தியக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களுக்கு ஷெங்கன் விசா வேண்டும். பெரியவர்களுக்குக் கட்டணம் 90 யூரோ. பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம். குறைந்தது 15 நாள் முன்பாவது கொடுத்தாக வேண்டும். 30,000 யூரோவுக்குக் குறையாத மருத்துவக் காப்பீடு கட்டாயம். காப்பீடு எடுக்கும்போது ஸ்னோமொபைல் (பனியில் ஓடும் மோட்டார் வண்டி), பனிச்சறுக்கு போன்றவற்றுக்கும் பொருந்துமா என்று கேட்டுவிடுங்கள். மலிவான திட்டங்கள் பலவற்றில் அவை விலக்கப்பட்டிருக்கும்.

எந்த மாதம்

மாதத்தைப் பொறுத்து நீங்கள் பார்க்கப்போகும் நாடே மாறிவிடும். டிசம்பர் தொடக்கத்திலிருந்து ஜனவரி பத்தாம் தேதி வாக்கு வரை இனாரியில் சூரியன் தொடுவானத்துக்கு மேலே வராது. அதற்காக நாள் முழுக்கக் கும்மிருட்டு என்று நினைத்துக்கொள்ள வேண்டாம். நண்பகலை ஒட்டிச் சில மணி நேரம் நீலமும் இளஞ்சிவப்புமாக ஒரு மங்கல் வெளிச்சம் நிற்கும். பனி அதை வாங்கித் திருப்பித் தரும். ஆனால் நடைப்பயணத்துக்கு அந்த நேரம் போதாது. பிப்ரவரி இறுதி, மார்ச் மாதங்களில் பனியும் இருக்கும், பகல் வெளிச்சமும் இருக்கும். முதன்முறை வருகிறவர்களுக்கு நான் சொல்வது மார்ச்.

மே இறுதியிலிருந்து ஜூலை மூன்றாம் வாரம் வரை சூரியன் மறைவதே இல்லை. கேட்க அழகாக இருக்கும். ஆனால் ஜூன் கடைசியில் கொசு கிளம்பிவிடும். அதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ஈர நிலத்தின் ஓரமாக நடந்தால் முகத்துக்கு வலை இல்லாமல் வாயைத் திறக்க முடியாது. செப்டம்பரில் கொசு ஓய்ந்திருக்கும், பிர்ச் இலைகள் மஞ்சளாகவும் தரையிலுள்ள சிறு செடிகள் செக்கச்சிவப்பாகவும் மாறியிருக்கும், இரவும் திரும்பியிருக்கும். நடக்கப் பிடித்தவர்களுக்கு இதைவிட நல்ல மாதம் இல்லை. அக்டோபர் இறுதியும் நவம்பரும் சேறும் அரைகுறைப் பனியுமாக இருக்கும். ஏப்ரல் இறுதி தொடங்கி மே வரையும் அப்படித்தான். விலை மலிவு என்று அந்த மாதங்களில் கிளம்ப வேண்டாம்.

துருவ ஒளி பற்றி ஒரு வார்த்தை. பகல் பயணத்தில் அது வராது. இரவிலும் மேகம் மூடினால் இல்லை. ஆகஸ்ட் இறுதியிலிருந்து ஏப்ரல் தொடக்கம் வரை வாய்ப்பு உண்டு. 'கட்டாயம் காட்டுவோம்' என்று யாராவது சொன்னால் அவர்களிடம் பதிவு செய்யாதீர்கள்.

வழிகாட்டியைத் தேர்ந்தெடுப்பது

இந்தப் பகுதியைப் பொறுமையாகப் படியுங்கள். மற்றதெல்லாம் இதற்கு அடுத்துத்தான்.

இனாரிப் பக்கம் வழிகாட்டும் தொழிலில் இருப்பவர்கள் பெரும்பாலும் சிறு குடும்ப நிறுவனங்கள். மீன் பிடிப்பவர், மான் வளர்ப்பவர், தெற்கிலிருந்து வந்து காட்டில் குடியேறியவர், பருவ வேலைக்காக வேறு நாட்டிலிருந்து வந்த இளைஞர் என்று பலவகையினர் உண்டு. இவர்களில் யாரும் மோசமில்லை. ஆனால் யாரிடம் எதைக் கேட்பது என்பது இருக்கிறது. காட்டைக் காட்ட நல்ல பின்னிஷ் வழிகாட்டி போதும். ஸாமி வாழ்க்கையைப் பற்றித் தெரிந்துகொள்ள விரும்பினால் அதை ஸாமி ஒருவரே சொல்ல வேண்டும். முன்பதிவுக்கு முன் மின்னஞ்சலில் நேரடியாகக் கேளுங்கள்: அன்று என்னோடு வரப்போகிறவர் யார், எந்த ஊர்க்காரர், பண்பாட்டுப் பகுதியைச் சொல்லப்போகிறவர் யார், மான் பண்ணை யாருடையது? நல்ல நிறுவனம் இதற்கு இரண்டு வரியில் தெளிவாகப் பதில் எழுதிவிடும். மழுப்பலான பதில் வந்தால் அடுத்தவரைப் பாருங்கள்.

இப்படிக் கேட்கச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. பல ஆண்டுகளாக லாப்லாந்துச் சுற்றுலாவில் ஸாமி உடையைப் போல் ஒன்றை மாட்டிக்கொண்டு, மேளம் அடித்து, பயணிகளின் நெற்றியில் கரி பூசி 'வடதுருவ ஞானஸ்நானம்' நடத்துகிற வழக்கம் இருந்துவந்தது. அதில் ஸாமி என்று எதுவும் இல்லை. பின்லாந்தின் ஸாமி மக்களுக்கான பிரதிநிதி அவையான ஸாமி நாடாளுமன்றம் 2018-இல் பொறுப்பான சுற்றுலாவுக்கான நெறிமுறைகளை வெளியிட்டதே இப்படிப்பட்ட வேடிக்கைகளால்தான். ஹஸ்கி வண்டியும் இங்கத்திய மரபு அல்ல. சுற்றுலாவோடு வந்து சேர்ந்தது. பனிவீடும் அப்படித்தான். ஹஸ்கி வண்டியில் போவது சுகமான அனுபவம், போக ஆசை இருந்தால் போங்கள். அதை ஸாமி பண்பாடு என்று விற்கிறவரிடம் மட்டும் போகாதீர்கள்.

பதிவு செய்யும் முன் இன்னும் சில கேள்விகள். விலை ஆளுக்கா, குழுவுக்கா? தனிப் பயணத்தில் பெரும்பாலும் குழுவுக்கு ஒரே விலைதான். நாலு பேர் சேர்ந்தால் பேருந்துப் பயணத்தோடு அதிக வித்தியாசம் இருக்காது. மதிய உணவு, அருங்காட்சியக நுழைவுச்சீட்டு, குளிர் உடை இவை விலையில் அடங்குமா? கடும் குளிரில் என்ன செய்வீர்கள், எந்த அளவுக்குக் கீழே போனால் திட்டத்தை மாற்றுவீர்கள்? பின்லாந்தில் இத்தகைய சேவை நடத்துகிறவர்கள் பாதுகாப்பு ஆவணம் ஒன்றை எழுதி வைத்திருக்க வேண்டும் என்பது சட்டம். 'உங்களிடம் இருக்கிறதா' என்று கேட்பது மரியாதைக் குறைவு இல்லை. ஸ்னோமொபைலை நீங்களே ஓட்டப்போகிறீர்கள் என்றால் ஓட்டுநர் உரிமம் கையில் இருக்க வேண்டும்; விபத்தில் வண்டிக்குச் சேதமானால் நீங்கள் எவ்வளவு கட்ட நேரிடும் என்பதையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

உங்களைப் பற்றியும் மறைக்காமல் எழுதுங்கள். முட்டி வலி, ரத்த அழுத்தம், குழந்தையின் வயது, எவ்வளவு தூரம் நடக்க முடியும் எல்லாம். அம்மா அப்பாவை அழைத்துப்போகிறவர்களுக்குத் தனிப் பயணம்தான் சரி, ஏனென்றால் வேகம் அவர்களுடையதாக இருக்கும். சைவம் என்றால் 'இறைச்சி, மீன், முட்டை, இறைச்சிச் சாறு எதுவும் கூடாது' என்று உடைத்துச் சொல்லுங்கள். வெறுமனே சைவம் என்றால் சால்மன் சூப் வந்து நிற்கக்கூடும். அது அவர்கள் குற்றமல்ல. மீன் பிடித்து வாழும் ஊர் அது.

நாளை எப்படி அடுக்குவது

ஏழு அல்லது எட்டு மணி நேரம் கையில் இருக்கும். அதில் மூன்று விஷயங்கள் போதும்: ஓர் அருங்காட்சியகம், ஒரு நடை, ஒரு மனிதரின் வீடு அல்லது பண்ணை. வழிகாட்டி அனுப்பும் திட்டத்தில் ஐந்தாறு இடங்கள் இருந்தால், 'குறையுங்கள்' என்று நீங்களே சொல்லுங்கள். சொன்னால் அவரும் மகிழ்ச்சியடைவார். பயணிகள் எதிர்பார்ப்பார்கள் என்று நினைத்துத்தான் அவர்கள் நிரப்புகிறார்கள்.

காலையில் சீடா. இனாரி ஏரிக்கரையில் இருக்கும் ஸாமி அருங்காட்சியகம் இது. 1959-இல் தொடங்கப்பட்ட அருங்காட்சியகத்துக்கு இப்போதைய கட்டடம் 1998-இல் வந்தது. விரிவுபடுத்தி, புதிய நிரந்தரக் காட்சியோடு 2022-இல் திறந்தார்கள். 2024-இல் ஐரோப்பாவின் சிறந்த அருங்காட்சியகத்துக்கான விருது இதற்குத்தான் கிடைத்தது. ஹெல்சிங்கியில் இருந்த தேசிய அருங்காட்சியகம் தன்னிடம் இருந்த 2,200-க்கும் மேற்பட்ட ஸாமி பொருள்களை 2021-இல் இங்கே திருப்பிக் கொடுத்தது. ஆகவே காட்சிப் பேழையில் இருக்கும் ஒரு தொப்பியையோ தொட்டிலையோ பார்த்தால், அது எங்கே இருந்துவிட்டு வந்தது என்று வழிகாட்டியிடம் கேளுங்கள். பேச்சு அங்கிருந்து தானாக விரியும்.

உள்ளே ஒன்றரை, இரண்டு மணி நேரம் இருங்கள். எட்டுப் பருவங்களாக ஆண்டைப் பிரித்துப் பார்க்கும் ஸாமி மக்களின் கணக்கு, மான் காது வெட்டுக் குறிகள், ஆற்றில் மீன் தடுக்கும் அணை, இவை புரிந்துவிட்டால் மதியம் காட்டில் பார்ப்பதெல்லாம் வேறு தெளிவோடு தெரியும். நேராகக் காட்டுக்குப் போகிறவர்களுக்கு அது வெறும் பைன் மரமும் பனியுமாகத்தான் இருக்கும். திறந்தவெளிப் பகுதியில் பழைய மரவீடுகளும் பரண்களும் நிற்கின்றன. அவற்றைக் கோடையில் வந்தால்தான் முழுதாகப் பார்க்க முடியும்.

ஊருக்குள் ஏன் பழைய வீடுகளே கண்ணில் படவில்லை என்று தோன்றும். 1944–45 லாப்லாந்துப் போரில் பின்வாங்கிய ஜெர்மானியப் படை வழியிலிருந்த ஊர்களை எரித்துக்கொண்டே போனது. இன்று நிற்பவை பெரும்பாலும் அதற்குப் பின் கட்டியவை. 1944-இல் சோவியத் யூனியனோடு செய்த போர்நிறுத்தத்தில், பின்லாந்திடம் இருந்த பெத்ஸாமோ பகுதி சோவியத் வசம் போய்விட, அங்கே வாழ்ந்த ஸ்கோல்ட் ஸாமி மக்கள் நெல்லிம், செவெத்தியார்வி பக்கம் குடியமர்த்தப்பட்டார்கள். அவர்கள் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள். ஸ்கோல்ட் மொழியையும் இனாரி ஸாமி மொழியையும் இன்று பேசுகிறவர்கள் சில நூறு பேரே. இனாரி ஸாமியை மீட்க 1997-இல் சிறு குழந்தைகளிடம் அந்த மொழியிலேயே பேசும் 'மொழிக்கூடு' என்ற காப்பக முறையைத் தொடங்கினார்கள். பேசுகிறவர்கள் மறுபடி கூடத் தொடங்கியது அதன் பலன்.

அருங்காட்சியகத்திலிருந்து கொஞ்ச தூரத்தில் சயோஸ் இருக்கிறது. 2012-இல் திறந்த பெரிய கட்டடம். 21 உறுப்பினர்கள் கொண்ட ஸாமி நாடாளுமன்றம் இங்கேதான் கூடுகிறது. உள்ளே போய்ப் பத்து நிமிடம் சுற்றிவிட்டு வாருங்கள். உள்ளேயிருக்கும் கைவினைக் கடையைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

நடைக்கு இரண்டு வழிகளைச் சொல்வேன். எளிதானது யூத்துவா ஆற்றங்கரைப் பாதை. கிராமத்திலிருந்தே தொடங்கும், வழியில் நுரைத்து ஓடும் நீர்ச்சரிவுகள் உண்டு, ஆற்றுக்கு மேலே தொங்குபாலமும் உண்டு. பெரியவர்களையும் குழந்தைகளையும் கூட்டிப்போகலாம். கொஞ்சம் நடக்கத் தயாராக இருப்பவர்களுக்கு பியெல்பயார்வி காட்டுத் தேவாலயம். வாகனம் நிறுத்துமிடத்திலிருந்து ஒரு பக்கம் நான்கைந்து கி.மீ. நடக்க வேண்டும், வேர்களும் கற்களும் நிறைந்த பாதை, வேறு சாலை கிடையாது. 1760-இல் கட்டி முடித்த மரத் தேவாலயம், ஏரிக்கரைப் புல்வெளியில் தன்னந்தனியாக நிற்கும். இனாரி ஸாமி மக்களின் பழைய குளிர்கால ஊர் இங்கேதான் இருந்தது. கோடையில் குடும்பங்கள் மீன்பிடிக்கப் பிரிந்துபோய், குளிர்காலத்தில் இங்கே சேர்ந்தன. ஊர் இடம்பெயர்ந்துவிட்டது, தேவாலயம் மட்டும் மிஞ்சியது. பனிக்காலத்தில் போகவேண்டுமானால் பனிக்காலணி கட்டிக்கொண்டுதான் போகமுடியும். வழிகாட்டியிடம் முன்னதாகச் சொல்லி ஏற்பாடு செய்யுங்கள்.

கோடையில் படகு எடுத்தால், இனாரி ஏரியின் 3,000-க்கும் மேற்பட்ட தீவுகளுக்கு நடுவே உகோன்சாரி என்ற கல்மேடு போன்ற தீவைக் காட்டுவார்கள். இனாரி ஸாமி மக்கள் படையல் வைத்து வழிபட்ட இடம் அது. படகிலிருந்து பார்த்துவிட்டுத் திரும்புங்கள், கரையிறங்க வேண்டாம்.

காட்டுக்குள் எப்படி நடந்துகொள்வது

பின்லாந்தில் யாருடைய காட்டிலும் யாரும் நடக்கலாம், காட்டுப் பழங்களும் காளானும் பறிக்கலாம். வீடுகளை ஒட்டி மட்டும் போகக் கூடாது. இந்த உரிமை வெளிநாட்டவருக்கும் உண்டு. ஆனால் தீ மூட்டுவது இந்த உரிமையில் சேராது. அதற்கென்று அமைத்த இடங்களில்தான் மூட்ட வேண்டும், காட்டுத்தீ எச்சரிக்கை இருக்கும் நாளில் திறந்தவெளித் தீ கூடவே கூடாது. அன்று காப்பி பிளாஸ்கிலிருந்து வரும். வழிகாட்டியைக் குறை சொல்லாதீர்கள். தரையில் வெள்ளைப் பஞ்சு போல் படர்ந்திருக்கும் லைக்கனைப் பிடுங்காதீர்கள், அதன் மேல் மிதிப்பதையும் குறையுங்கள். குளிர்காலத்தில் மான்களுக்கு அதுதான் சாப்பாடு, ஆண்டுக்குச் சில மில்லிமீட்டர்தான் வளரும்.

கழிப்பறை பற்றி யாரும் சொல்வதில்லை, நான் சொல்கிறேன். காட்டில் இருப்பவை தண்ணீர் இல்லாத மரக் கழிப்பறைகள். சுத்தமாகவே இருக்கும், ஆனால் காகிதம் தீர்ந்திருக்கலாம். ஒரு சுருளும் கை துடைக்கும் திரவமும் பையில் இருக்கட்டும். அவசர எண் 112. பின்லாந்தின் 112 செயலியைக் கைபேசியில் ஏற்றிக்கொண்டால், அதன் வழியே அழைக்கும்போது நீங்கள் இருக்கும் இடமும் தானாகப் போய்விடும்.

குளிர் உடை

குளிர்காலத்தில் இங்கே பூஜ்யத்துக்குக் கீழே 20, 25 டிகிரி என்பது சாதாரணம். 30-ஐத் தாண்டும் நாள்களும் உண்டு. பின்லாந்தில் பதிவான மிகக் கடும் குளிர், கழித்தல் 51.5 டிகிரி, 1999 ஜனவரியில் கித்திலா நகராட்சியில் உள்ள பொக்கா என்ற சிற்றூரில் பதிவானது. இனாரிக்கு அது ரொம்ப தூரமில்லை.

பயப்பட வேண்டாம், அடுக்கத் தெரிந்தால் போதும். உடம்பை ஒட்டி கம்பளி அல்லது செயற்கை இழை உள்ளாடை, அதன் மேல் கம்பளி அல்லது ஃப்ளீஸ், எல்லாவற்றுக்கும் மேல் காற்றுப் புகாத உடை. பருத்தி எங்கேயும் கூடாது, உள்ளாடையிலும்கூட. வியர்த்தால் ஈரம் அதிலேயே தங்கி உடம்பைக் குளிர வைக்கும். மேலுடையும் காலணியும் பெரும்பாலான வழிகாட்டிகளே இரவல் தருவார்கள், அதற்காகப் பணம் செலவழித்து வாங்க வேண்டாம். காலணி ஓர் அளவு பெரிதாக இருக்கட்டும். விரல்களை அசைக்க முடியாவிட்டால் எத்தனை காலுறை போட்டும் பயனில்லை. விரல் பிரிந்த கையுறையைவிட விரல்கள் ஒன்றாகக் கிடக்கும் கையுறைதான் சூடு. கைபேசியை உள்சட்டைப் பையில் வையுங்கள், வெளியே வைத்தால் நூறு சதவீதம் காட்டிய மின்கலம் சட்டென்று அணைந்துபோகும். கேமராவைச் சூடான அறைக்குள் கொண்டுபோகுமுன் பிளாஸ்டிக் பையில் போட்டு மூடிவிடுங்கள், இல்லையென்றால் வில்லை முழுக்க நீர் கோத்துக்கொள்ளும்.

மான் வளர்ப்பவர் வீட்டில்

துருவமான் காட்டு விலங்கும் அல்ல, தொழுவ விலங்கும் அல்ல. ஆண்டின் பெரும்பகுதி காட்டில் தன்போக்கில் திரியும், ஆனால் ஒவ்வொன்றுக்கும் சொந்தக்காரர் உண்டு. காதில் வெட்டியிருக்கும் குறியே அடையாளம். மே, ஜூனில் கன்று ஈனும். கோடையில் கன்றுகளை வளைத்துப் பிடித்துக் காதில் குறி போடுவார்கள், அதுவும் வெயில் தணிந்த இரவில். இலையுதிர்காலத்திலிருந்து மந்தைகளைச் சேர்த்துப் பிரிப்பார்கள். நார்வேயிலும் சுவீடனிலும் மான் வளர்ப்பு பெரும்பாலும் ஸாமி மக்களுக்கே உரிய தொழில். பின்லாந்தில் அந்தப் பகுதியில் குடியிருக்கும் மற்றவர்களும் வளர்க்கலாம். அதனால் மான் பண்ணை எல்லாம் ஸாமி பண்ணை என்று எண்ணிவிடாதீர்கள்.

பண்ணையில் கொஞ்ச நேரம் பேசாமல் நில்லுங்கள். மான் நடக்கும்போது 'டிக், டிக்' என்று ஒரு சத்தம் கேட்கும். குளம்பிலிருந்து வருவதுபோல் தோன்றும். உண்மையில் பாதத்தில் தசைநாண் எலும்பின் மேல் வழுக்குவதால் வருகிறது. பனிப்புயலில் ஒன்றையொன்று பார்க்க முடியாத நேரத்தில் மந்தை பிரியாமல் இருக்க அது உதவுகிறது என்பார்கள். லைக்கனைக் கையில் வைத்து நீட்டினால் மென்மையான உதட்டால் உள்ளங்கையைத் துழாவித் துழாவி எடுக்கும். கொம்பைப் பிடிக்காதீர்கள். குளிர்காலக் கடைசியில் கொம்போடு நிற்பவற்றில் பெரும்பாலானவை பெண் மான்கள்தான். பெரிய கடாக்கள் இணைசேரும் பருவம் முடிந்ததும் கொம்பை உதிர்த்துவிடும்.

மான் வளர்ப்பவரிடம் எத்தனை மான் வைத்திருக்கிறீர்கள் என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். வங்கியில் எவ்வளவு இருக்கிறது என்று கேட்பதற்குச் சமம் அது. கேட்க வேறு எவ்வளவோ இருக்கிறது. குளிர்காலத்தில் மழை பெய்தால் என்ன ஆகும் என்று கேளுங்கள். பனிமேல் பெய்த மழை உறைந்து ஓடாகிவிட்டால் மான்களால் அதைத் தோண்டி லைக்கனை எடுக்க முடியாது. வைக்கோலும் தீவனமும் வாங்கிப் போட வேண்டியிருக்கும். பருவநிலை மாற்றம் என்று நாம் செய்தியில் படிப்பது அவருக்குத் தீவனக் கணக்கு. காடு வெட்டுவதைப் பற்றியும் சாலையில் காரில் அடிபடும் மான்களைப் பற்றியும் கேளுங்கள், பேச்சு நிற்காது.

படம் எடுக்குமுன் அனுமதி கேளுங்கள், குழந்தைகளை எடுக்க இரண்டு முறை கேளுங்கள். ஸாமி உடை குடும்பத்தையும் ஊரையும் காட்டும் உடை. 'போட்டுப் பார்க்கலாமா' என்று கேட்காதீர்கள். விளையாட்டுக்காக அணிவது அவர்களைப் புண்படுத்தும். பாடச் சொல்லி வற்புறுத்தவும் வேண்டாம். பேச்சின் நடுவே மௌனம் விழுந்தால் பதறி எதையாவது சொல்லி நிரப்ப வேண்டியதில்லை. இங்கே அது மரியாதைக் குறைவு அல்ல.

நெருப்பும் காப்பியும்

நாளின் கடைசி ஒன்றரை மணி நேரத்தைக் காட்டில் ஒரு சாய்ப்புக் குடிலில் செலவிடும்படி வழிகாட்டியிடம் முன்கூட்டியே கேட்டு வையுங்கள். மரக்கட்டை அங்கேயே அடுக்கியிருக்கும். அவர் பிர்ச் மரப் பட்டையை நகத்தால் உரித்து, சுருளாக்கி, அதன் மேல் விரல் பருமனில் சீவிய பைன் சிம்புகளை வைத்துப் பற்றவைப்பார். ஈரமாக இருந்தாலும் பட்டை கரும்புகையோடு பிடித்துக்கொள்ளும். கரி ஏறிய கெண்டியில் தண்ணீர் கொதித்ததும் காப்பித்தூளைக் கைநிறைய அள்ளிப் போடுவார், பொங்கி வரும்போது இறக்கி வைத்து, தூள் அடியில் படியக் காத்திருப்பார். வடிகட்டி கிடையாது. பிர்ச் மரக் கணுவில் குடைந்த கோப்பையின் அடியில் ஒரு துண்டு சீஸைப் போட்டு அதன் மேல் காப்பியை ஊற்றித் தருவார். பாலை உறையவைத்துச் சுட்ட, பல்லில் கடித்தால் கிறீச்சென்று சத்தம் போடும் பாலாடைக்கட்டி அது. காப்பியைக் குடித்துவிட்டு, எண்ணெய் மினுக்க மெத்தென்று ஆன சீஸைச் சின்னக் கரண்டியால் எடுத்துத் தின்ன வேண்டும். முதல் வாய்க்கு விசித்திரமாக இருக்கும். இரண்டாவது கோப்பை கேட்பீர்கள்.

விறகை நீங்களும் பிளந்து பாருங்கள், அவர் சொல்லித் தருவார். இந்த நேரத்தில்தான் நல்ல பேச்சு நடக்கும். பள்ளியில் அவருடைய பாட்டிக்கு என்ன மொழி பேசத் தடை இருந்தது, மகள் என்ன மொழியில் படிக்கிறாள், கோடையில் எங்கே வலை போடுவார் என்பதெல்லாம் அருங்காட்சியகச் சுவரில் இருக்காது.

வாங்குவதும் திரும்புவதும்

கைவினைப் பொருள் வாங்க விரும்பினால் சயோஸில் உள்ள கடையில் தொடங்குங்கள். ஸாமி கைவினைஞர் செய்த பொருளுக்கு 'ஸாமி துவோஜி' (Sámi Duodji) என்ற முத்திரை உண்டு. அது இருக்கிறதா என்று பாருங்கள். மான் கொம்பு, பிர்ச் கணு, தோல், தகரச் சரிகை இவற்றில் செய்தவை விலை அதிகம்தான், ஒரு கோப்பைக்குப் பின்னால் பல நாள் வேலை இருக்கிறது. சாலையோர நினைவுப்பரிசுக் கடைகளில் மலிவாகக் கிடைக்கும், ஸாமி தொப்பியின் போலியான நாலுமுனைத் தொப்பியை வாங்க வேண்டாம்.

கத்தி வாங்கினால் அது விமானத்தில் கைப்பையில் ஏறாது; பதிவு செய்யும் பெட்டியில் போடுங்கள். இவலோ சிறிய நிலையம். பாதுகாப்புச் சோதனை வரை போய்விட்டுத் திரும்பி ஓடுவது மன உளைச்சல்.

வழிகாட்டிக்கு டிப்ஸ் கொடுக்கும் வழக்கம் பின்லாந்தில் இல்லை; விலையில் வரி உள்பட எல்லாம் அடங்கிவிடும். கொடுத்தால் வாங்கிக்கொள்வார், கொடுக்காவிட்டால் மனதில் வைக்க மாட்டார். அதைவிட அவர் சொன்ன ஒரு விஷயம் பிடித்திருந்தால், எது பிடித்தது என்று பெயர் சொல்லி இரண்டு வரி மின்னஞ்சலில் எழுதி அனுப்புங்கள். சிறு குடும்ப நிறுவனத்துக்கு அடுத்த பருவத்தின் வாடிக்கையாளர் அதில்தான் வருகிறார். மறுநாள் ஒதுக்க முடிந்தால் வழிகாட்டி இல்லாமல் யூத்துவா பாதையில் தனியாக நடந்து பாருங்கள்; நேற்று அவர் காட்டிய காது வெட்டுக் குறியும் உரிந்த பிர்ச் பட்டையும் உங்கள் கண்ணிலேயே படுகின்றனவா என்று பார்க்கலாம்.